வாசகர் வாக்கில் சிறந்த நகைச்சுவைப் படம்: விருதை நடத்த ஒரு முழுமையான வழிகாட்டி

வாசகர் விருது நடத்த புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் வாக்குப் படிவத்தில்தான் தொடங்குகிறார்கள். கூகுள் ஃபார்ம்ஸைத் திறந்து, நினைவுக்கு வந்த பத்துப் படங்களைப் போட்டு, இணைப்பை அனுப்பிவிடுகிறார்கள். மறுநாளே கேள்விகள் வரும். “அந்தப் படம் ஏன் இல்லை?”, “இது எப்படி நகைச்சுவைப் படம்?”, “ஒருவரே இருபது முறை போட்டிருக்கிறாரே?” வாக்கு ஓடிக்கொண்டிருக்கும்போது இவற்றுக்கு எந்தப் பதில் சொன்னாலும் அது யாரோ ஒரு படத்துக்குச் சாதகமாகத் தெரியும்.

அதனால் இங்கே படிவம் எட்டாவது படியில்தான் வருகிறது. முதல் ஏழு படிகளையும் முதல் வாக்கு விழும் முன்பே முடித்துவிட வேண்டும்.

1. ஆட்களையும் நாட்களையும் குறித்துக்கொள்ளுங்கள்

குறைந்தது மூன்று பேர் தேவை. ஒருவர் விதிகளையும் வாசகர் கேள்விகளையும் கவனிப்பார். ஒருவர் போலி வாக்குகளைச் சரிபார்ப்பார். மூன்றாமவர் எண்ணுவார். சரிபார்ப்பதும் எண்ணுவதும் ஒரே ஆளிடம் போகக் கூடாது. காரணம் ஒன்பதாம் படியில் தெரியும்.

போட்டியில் வரக்கூடிய படத்தில் வேலை செய்தவர், அதன் விளம்பரத்துக்குப் பணம் வாங்கியவர், நெருங்கிய உறவினர் ஆகியோர் இந்த மூவரில் இருக்க வேண்டாம். அவர் நேர்மையானவராகவே இருக்கலாம். ஆனால் அவருடைய படம் ஜெயித்தால் அதை நம்பவைக்க உங்களால் முடியாது.

ஐம்பது நாள் ஒதுக்குங்கள். தகுதிப் பட்டியல் தயாரிக்க இரண்டு வாரம், பரிந்துரைக்குப் பத்து நாள், அதைச் சரிபார்க்க ஐந்து நாள், இறுதி வாக்குக்கு இரண்டு வாரம், எண்ணவும் மறுபார்வை பார்க்கவும் ஒரு வாரம். புதியவர்கள் சுருக்குவது எப்போதும் அந்தக் கடைசி வாரத்தைத்தான். அங்கேதான் தவறுகள் பிடிபடும், எனவே வேறு எங்கு குறைத்தாலும் அதில் கை வைக்காதீர்கள்.

2. கேள்வியை ஒரே வரியில் எழுதுங்கள்

“உங்களை அதிகம் சிரிக்க வைத்த படம் எது?” என்பது ஒரு கேள்வி. “இந்த ஆண்டின் சிறந்த நகைச்சுவைப் படம் எது?” என்பது வேறு கேள்வி. முதலாவதுக்கு வாசகர் தன் வயிற்றைக் கேட்டுப் பதில் சொல்வார். இரண்டாவதுக்குக் கதை, நடிப்பு, படம் முழுவதும் ஓட்டம் குறையாமல் இருந்ததா என்று யோசிப்பார். ஒரே வாசகர் கூட்டத்திடம் இரண்டையும் கேட்டால் இரண்டு வெவ்வேறு படங்கள் முதலிடத்துக்கு வரலாம்.

“உங்களுக்குப் பிடித்த நகைச்சுவைப் படம்” என்று மட்டும் கேட்காதீர்கள். அதற்கு வாசகர்கள் பெரும்பாலும் பிடித்த நடிகரைப் பதிலாகத் தருகிறார்கள்.

எதைத் தேர்ந்தாலும் அதே வரி அறிவிப்பிலும் படிவத்திலும் முடிவிலும் எழுத்து மாறாமல் வர வேண்டும். அடுத்த ஆண்டும் அதே வரியே வேண்டும். கேள்வி மாறினால் இரண்டு ஆண்டு முடிவுகளை ஒப்பிடுவதில் பொருளில்லை.

3. எது நகைச்சுவைப் படம் என்று முடிவு செய்யுங்கள்

இந்த விருதில் மிகக் கடினமான வேலை இதுதான். பாதிச் சண்டைகள் இங்கேதான் பிறக்கின்றன, அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

பெரிய விருதுகளே இதில் தடுமாறியிருக்கின்றன. 2016 ஜனவரியில் நடந்த கோல்டன் குளோப் விழாவில், செவ்வாய்க் கோளில் தனியாக மாட்டிக்கொண்ட ஒருவரின் கதையான ‘தி மார்ஷியன்’, இசை அல்லது நகைச்சுவைப் பிரிவில் சிறந்த படமாக வென்றது. படத்தில் சிரிப்பு உண்டுதான். ஆனால் அது உயிர் பிழைக்கும் போராட்டத்தின் கதை. பலர் கேள்வி எழுப்பிய பிறகு, நகைச்சுவைச் சாயல் கொண்ட தீவிரக் கதைப் படங்கள் (டிராமா) அவற்றுக்கான பிரிவிலேயே வர வேண்டும் என்று விதியைத் தெளிவாக்கினார்கள். நீங்கள் அந்தத் தெளிவை முன்கூட்டியே எழுதிவைத்துவிடலாம்.

எனக்கு நன்றாக வேலை செய்யும் வழி மூன்று கேள்விகள். மூன்றில் இரண்டுக்காவது ‘ஆம்’ என்று பதில் வந்தால் படம் பட்டியலில் இடம்பெறும்.

ஒன்று: நகைச்சுவைக் காட்சிகளை எடுத்துவிட்டால் கதை நின்றுவிடுமா? இரண்டு: சிரிப்பை நகர்த்துபவர்கள் மையப் பாத்திரங்களா? மூன்று: படத்தை எடுத்தவர்களே அதை நகைச்சுவைப் படமாக முன்வைத்தார்களா?

முதல் இரண்டு கேள்விகளும் சேர்ந்து ஒரு பெரிய குழப்பத்தைத் தீர்த்துவிடுகின்றன. நாயகனின் கதை ஒரு பாதையில் போகும், நகைச்சுவை நடிகரின் தனிப் பகுதி இன்னொரு பாதையில் ஓடும். அந்தப் பகுதி எவ்வளவு பிரமாதமாக இருந்தாலும், அதை வெட்டி எடுத்த பிறகும் படம் முழுதாகவே நிற்கும். அப்படிப்பட்ட படத்துக்கு ‘சிறந்த நகைச்சுவைக் காட்சி’ என்று தனிப் பிரிவு வைத்துக்கொள்ளலாம். படத்துக்கான பிரிவில் அது வரக் கூடாது.

மூன்றாவது கேள்விக்கு வேறொரு பயன் உண்டு. தீவிரமாக எடுக்கப்பட்டு, பார்ப்பவர்கள் கேலியாகச் சிரித்த படங்களைச் சிலர் விளையாட்டாகப் பரிந்துரைப்பார்கள். அதை அனுமதித்தால் படம் எடுத்தவர்களை அவமதிக்கும் மேடையாக விருது மாறிவிடும். நகைச்சுவை எழுதுவது எவ்வளவு உழைப்பு என்று தெரிந்தவர்கள் அதற்கு இடம் கொடுக்க மாட்டார்கள். “சிரிக்க வைக்கும் நோக்கத்தோடு எடுக்கப்பட்ட படமாக இருக்க வேண்டும்” என்று விதியில் தனி வரியாகவே சேர்த்துவிடுங்கள்.

பேய் நகைச்சுவை, காதல் நகைச்சுவை, அரசியல் நையாண்டி, அனிமேஷன் ஆகியவற்றை வகை பார்த்து ஒதுக்காதீர்கள். அதே மூன்று கேள்விகளை வைத்துப் பாருங்கள். அதிகம் சிக்கலாவது நையாண்டிதான். அது சத்தமாகச் சிரிக்க வைக்காது, ஆனால் எள்ளலை எடுத்துவிட்டால் அதில் ஒன்றுமே மிஞ்சாது. நான் நையாண்டியைத் தயங்காமல் சேர்ப்பேன்.

சேர்த்த படம், சேர்க்காத படம் இரண்டுக்கும் ஒரு வரிக் காரணம் எழுதிவையுங்கள். ஒரு படம் ஏன் இல்லை என்று யாராவது கேட்டால் அந்த வரியை அப்படியே அனுப்பலாம். பரிந்துரைச் சுற்று முடியும் வரை மேல்முறையீட்டுக்கு இடம் கொடுங்கள். அதற்கு அப்புறம் பட்டியல் மாறாது.

4. தகுதிக் காலம்

ஜனவரி 1 முதல் டிசம்பர் 31 வரை என்று வைப்பது எளிது. முதல் பொதுத் திரையிடல் எந்த நாளோ அதுதான் கணக்கு. திரையரங்கோ ஓடிடியோ, எது முதலில் வந்ததோ அதை எடுங்கள். திரைப்பட விழாத் திரையிடலைக் கணக்கில் சேர்த்தால் வாசகர்கள் பார்க்கவே வாய்ப்பில்லாத ஆண்டில் படம் போட்டியிட நேரும், எனவே சேர்க்க வேண்டாம்.

5. எண்ணும் முறையை இப்போதே தேர்ந்தெடுங்கள்

வாக்கு வந்த பிறகு எண்ணும் முறையைத் தேர்ந்தெடுத்தால், வெற்றியாளரைத் தேர்ந்தெடுப்பதும் அதுவும் ஒன்றாகிவிடும். அதனால்தான் படிவத்துக்கு மூன்று படி முன்னாலேயே இதை வைத்திருக்கிறேன்.

ஒருவருக்கு ஒரே தேர்வு, அதிக வாக்குப் பெற்றவர் வெற்றி என்பதுதான் எல்லோருக்கும் பழகிய முறை. நகைச்சுவையில் இதன் குறை பளிச்சென்று தெரியும். ஒரே மாதிரிச் சுவையுள்ள இரண்டு படங்கள் இருந்தால் வாக்குப் பிரிந்து, இரண்டுமே தோற்றுவிடும்.

எடுத்துக்காட்டாக 1000 வாக்குகள் என்று வைத்துக்கொள்வோம். படம் அ: 380. படம் ஆ: 330. படம் இ: 290. சாதாரண முறையில் அ வெற்றி பெறும். ஆனால் ஆ, இ இரண்டும் ஒரே ரசனைக்காரர்களின் படங்கள். இ-க்கு வாக்களித்த 290 பேரில் 230 பேருக்கு இரண்டாவது விருப்பம் ஆ, 40 பேருக்கு அ, 20 பேர் இரண்டாவது விருப்பமே சொல்லவில்லை. இ-யை நீக்கி அந்த வாக்குகளை நகர்த்தினால் ஆ 560, அ 420. மிஞ்சிய 980 வாக்குகளில் பாதிக்கு மேல் ஆ பெற்றுவிட்டது.

இதுதான் தரவரிசை வாக்கு. வாசகர் 1, 2, 3 என்று வரிசைப்படுத்துவார். முதல் இடங்களை எண்ணும்போது யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காவிட்டால் கடைசிப் படத்தை நீக்கி, அதன் வாக்குகளை அடுத்த விருப்பத்துக்கு மாற்றுகிறோம். பாதியைத் தாண்டும் வரை இதைத் திரும்பச் செய்ய வேண்டும். ஆஸ்கர் அகாதமி 2010 விழாவில் சிறந்த படத்துக்கான போட்டியாளர்களைப் பத்தாக்கியபோது இறுதி வாக்குக்கு இந்த முறையைத்தான் எடுத்துக்கொண்டது. என் பரிந்துரையும் இதுவே. தீவிர ரசிகர்கள் மட்டும் உள்ள படத்தைவிட, பலருக்கும் முதல் இரண்டு மூன்று இடங்களுக்குள் வரும் படத்துக்கு இது நியாயம் செய்கிறது.

பத்துக்கு இத்தனை என்று மதிப்பெண் வாங்கும் முறையும் உண்டு. அதில் சராசரியை நேரடியாக ஒப்பிடுவது பெரிய தவறு. 60 பேர் பார்த்து 9.2 கொடுத்த படமும், 4000 பேர் பார்த்து 8.4 கொடுத்த படமும் ஒரே தட்டில் வைக்கத் தக்கவை அல்ல. திரைப்படத் தகவல் தளமான ஐஎம்டிபி தன் முதல் 250 படங்களின் பட்டியலுக்கு எடையிட்ட சராசரியைப் பயன்படுத்துவது இதனால்தான். ஒவ்வொரு படத்துக்கும் பொதுச் சராசரியில் சில கற்பனை வாக்குகளைச் சேர்த்துக் கணக்கிடுவதுதான் அதன் அடிப்படை. பொதுச் சராசரி 7, சேர்ப்பது 500 வாக்கு என்றால், முதல் படம் சுமார் 7.2-க்கு இறங்கும், இரண்டாவது 8.2 அளவில் நிற்கும். கணக்கு சரிதான், ஆனால் அந்த 500 எங்கிருந்து வந்தது என்று கேட்கும் வாசகருக்குப் பதில் சொல்வது கடினம். அதனால் விருதுக்கு இதை நான் விரும்புவதில்லை.

6. விதிகளை வெளியிட்டுப் பூட்டுங்கள்

இதுவரை முடிவு செய்த எல்லாவற்றையும் ஒரே பக்கத்தில் எழுதி, தேதியிட்டு, பரிந்துரை தொடங்கும் முன் வெளியிடுங்கள். மூன்று விஷயங்களைப் பலர் மறக்கிறார்கள்: சமநிலை வந்தால் என்ன செய்வது, கடைசி நாளின் எந்த மணியில் எந்த நேர மண்டலத்தில் வாக்கு மூடும், எந்த வாக்குகள் செல்லாதவை.

சமநிலைக்கு எளிய விதி: முதல் சுற்றில் அதிக முதல் விருப்பம் பெற்ற படம் வெல்லும். அதுவும் சமமானால் விருதைப் பகிர்ந்துகொடுக்கலாம். குலுக்கல் வேண்டாம், வாசகர் தேர்ந்தெடுத்தார் என்ற பெயரில் தரும் விருதில் அதிர்ஷ்டத்துக்கு வேலையில்லை.

7. பரிந்துரைச் சுற்று

முதலில் தகுதிப் பட்டியல் முழுவதையும் மாதவாரியாக வெளியிடுங்கள். இதை விட்டுவிட்டால் ஆண்டின் கடைசி மாதங்களில் வந்த படங்களே பரிந்துரையை நிரப்பும். பிப்ரவரியில் குடும்பத்தோடு வயிறு வலிக்கச் சிரித்த படத்தை டிசம்பரில் நினைவுபடுத்த ஒரு வரி தேவைப்படுகிறது.

ஒருவர் ஐந்து படங்கள் வரை பரிந்துரைக்கலாம். பெயரைத் தட்டச்சு செய்யச் சொல்லாமல் பட்டியலிலிருந்து தேர்ந்தெடுக்கச் சொல்லுங்கள். தட்டச்சு செய்தால் ஒரே படம் ஏழெட்டு எழுத்துக்கூட்டலில் வரும். ஒற்று விட்டும் விடாமலும், ஆங்கில எழுத்திலும், நாயகன் பெயரைச் சொல்லி “அவர் படம்” என்றும் எழுதுவார்கள். அவற்றை ஒன்றுசேர்ப்பதிலேயே நாட்கள் போய்விடும், பிழையும் வரும். விடுபட்ட படத்துக்காக மட்டும் ஒரு எழுத்துப்பெட்டி வையுங்கள்.

ஒரு குழு கூடிப் பேசி ஐந்து இடங்களையும் ஒரே பட்டியலால் நிரப்புவது இந்தச் சுற்றில்தான் நடக்கும். அறிவியல் புனைவுக்கான ஹியூகோ விருதில் 2015-ல் இது பெரிய அளவில் நடந்தது. சிறு குழுக்களின் ஒருங்கிணைந்த பட்டியல்கள் பல பிரிவுகளை முழுதாக ஆக்கிரமித்தன. அங்கே வாக்காளர்களிடம் ‘யாருக்கும் விருது இல்லை’ என்ற தேர்வு இருந்தது. அதைப் பயன்படுத்தி ஐந்து பிரிவுகளில் விருதே கொடுக்காமல் விட்டார்கள். பின்பு 2017 முதல் பரிந்துரைகளை எண்ணும் முறையையே மாற்றினார்கள்.

உங்கள் விருதுக்கு அவ்வளவு சிக்கலான கணக்கு தேவைப்படாது. இறுதிப் பட்டியலில் எட்டுப் படம் வையுங்கள். ஒருவர் பரிந்துரைப்பது ஐந்து, பட்டியல் எட்டு என்றால், ஒரே குழு எல்லா இடங்களையும் பிடிப்பது கடினம். ‘யாருக்கும் இல்லை’ என்பதையும் இறுதி வாக்கில் சேர்க்கலாம், நான் சேர்ப்பேன். பட்டியலே பிடிக்காத வாசகருக்கு அது நேர்மையான வழி.

8. வாக்குச்சீட்டு

இப்போது படிவம். பெரும்பாலோர் கைபேசியில்தான் திறப்பார்கள், எனவே எட்டுப் படங்களும் அதிகம் நகர்த்தாமல் தெரிய வேண்டும். எல்லாச் சுவரொட்டிகளும் ஒரே அளவு. அறிமுகம் எழுதினால் எல்லாவற்றுக்கும் ஒரே நீளம். ஒரு படத்துக்கு “கலகலப்பான” என்று எழுதி இன்னொன்றுக்கு வெறும் கதைச்சுருக்கம் தருவது உங்களுக்கே தெரியாமல் செய்யும் பிரசாரம்.

படங்களின் வரிசை ஒவ்வொருவருக்கும் மாறி வரட்டும். முதலில் இருக்கும் பெயருக்குச் சில வாக்குகள் சும்மாவே கூடுதலாக விழும். ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா மாநிலத் தேர்தலில் இதற்காகவே வேட்பாளர் பெயர் வரிசையைச் சீட்டுக்குச் சீட்டு மாற்றி அச்சிடுகிறார்கள். அகரவரிசை நடுநிலையானது என்று நினைத்து அதை வைப்பவர்கள் நிறையப் பேர். அதில் ‘அ’வில் தொடங்கும் படத்துக்கு லாபம்.

எட்டையும் வரிசைப்படுத்தக் கட்டாயப்படுத்தாதீர்கள். பார்த்த படங்களை மட்டும் வரிசைப்படுத்தினால் போதும் என்று தெளிவாக எழுதுங்கள். கட்டாயப்படுத்தினால் பார்க்காத படங்களுக்கும் ஏதாவதொரு எண் போடுவார்கள், அந்த எண்கள் பின்னால் முடிவையே மாற்றக்கூடும்.

வாக்கு நடக்கும்போது யார் முன்னணி என்று காட்டாதீர்கள். இடைநிலை எண்ணிக்கை வந்தால் பரபரப்பு கூடும், ஆனால் அதன்பின் வரும் வாக்குகள் படத்தைப் பற்றியவையாக இருக்காது, பந்தயத்தைப் பற்றியவையாகிவிடும். பின்தங்கிய படத்தின் ரசிகர்கள் வராமலே போய்விடுவார்கள்.

இணைப்பை வெளியிடும் முன், இந்த வேலையில் சம்பந்தப்படாத நான்கைந்து பேரிடம் கொடுத்து, பக்கத்தில் பேசாமல் உட்கார்ந்து பாருங்கள். 1 என்றால் மிகச் சிறந்தது என்று தெரியாமல், மதிப்பெண் என நினைத்து 8 போடுபவர் அவர்களில் ஒருவராவது இருப்பார். “1 = முதல் விருப்பம்” என்று ஒவ்வொரு வரிசைக்கும் மேலே எழுதுங்கள்.

9. ஒருவருக்கு ஒரு வாக்கு

2022-ல் ஆஸ்கர் அமைப்பினர் ரசிகர் விருப்பப் படத்துக்கு இணைய வாக்கு நடத்தியபோது ஒருவர் ஒரு நாளுக்கு 20 முறை வரை வாக்களிக்கலாம் என்று வைத்தார்கள். அப்படி வைத்தால் அளக்கப்படுவது பொறுமை மட்டுமே. 2009-ல் செல்வாக்கு மிக்கவர்களைத் தேர்ந்தெடுக்க டைம் இதழ் நடத்திய இணைய வாக்கெடுப்பில் ஒரு குழு நிரல் எழுதி வாக்குகளைக் குவித்தது. தன் ஆளை முதலிடத்தில் ஏற்றியதோடு நிற்காமல், முதல் இருபத்தொரு பெயர்களின் முதலெழுத்துகள் தங்கள் செய்தியாக வரும்படி வரிசையையே அமைத்துக் காட்டியது. பூட்டாத பெட்டியில் எதுவும் நடக்கலாம்.

மின்னஞ்சல் உறுதிப்படுத்தல்தான் அடிப்படைக் காப்பு. வாக்களித்ததும் ஒரு இணைப்பு போகும், அதைத் தட்டினால்தான் வாக்கு சேரும். கூகுள் ஃபார்ம்ஸில் ஒருவருக்கு ஒரு பதில் என்ற கட்டுப்பாடு உண்டு. அதற்கு வாசகர் கூகுள் கணக்கில் உள்நுழைய வேண்டும், அது சிலரைத் தடுக்கும் என்பதையும் கணக்கில் வையுங்கள்.

ஜிமெயில் முகவரியில் இடையே புள்ளி வைத்தாலும், பெயருக்குப் பின் கூட்டல் குறியிட்டு எதையாவது சேர்த்தாலும், எல்லாம் ஒரே பெட்டிக்குத்தான் வரும். எனவே எண்ணும் முன் அவற்றை நீக்கி ஒப்பிடுங்கள். சிறிது நேரத்தில் காலாவதியாகும் தற்காலிக முகவரிகளை ஏற்பதில்லை என்று விதியிலேயே சொல்லிவிடுங்கள்.

ஐபி முகவரி, அதாவது இணைய இணைப்பின் அடையாள எண், ஒன்றாக இருக்கிறது என்பதற்காக மட்டும் வாக்கை நீக்காதீர்கள். புதியவர்கள் அதிகம் செய்யும் அநியாயம் இது. ஒரே வீடு, விடுதி, அலுவலகம் மட்டுமல்ல, கைபேசி இணையத்தில் ஒன்றுக்கொன்று தொடர்பே இல்லாத பலர் ஒரே முகவரியில் தெரிவார்கள். ஒரே ஐபி, சில நொடி இடைவெளியில் தொடர்ச்சி, ஒன்றுபோல் அமைந்த மின்னஞ்சல்கள், மூன்றும் சேர்ந்து வந்தால்தான் சந்தேகம் வலுப்படும்.

சரிபார்ப்பவருக்குக் கொடுக்கும் கோப்பில் யார் எந்தப் படத்துக்கு வாக்களித்தார் என்ற பகுதி இருக்கவே கூடாது. நேரம், மின்னஞ்சல், ஐபி மட்டும் போதும். படம் தெரிந்தால், பிடிக்காத படத்தின் வாக்குகள் கொஞ்சம் அதிகச் சந்தேகமாகத் தோன்றும். அது மனித இயல்பு, யாரையும் குறை சொல்ல முடியாது. அதனால்தான் எண்ணுபவரைத் தனி ஆளாக வைக்கச் சொன்னேன்.

இன்னொன்று. ரசிகர் மன்றம் கூடிப் பிரசாரம் செய்வது மோசடி ஆகாது. உண்மையான ஆட்கள், ஆளுக்கு ஒரு வாக்கு என்றால் அவர்களும் வாசகர்களே. அவர்களைத் தண்டிக்க விதி தேடாதீர்கள். தரவரிசை முறையில், அந்தக் கூட்டத்துக்கு வெளியிலும் விருப்பம் இருந்தால்தான் அவர்கள் படம் பாதியைத் தாண்டும்.

10. எண்ணுதல்

மூடும் நேரத்தில் கோப்பை இறக்கி, தொடாத ஒரு பிரதியைத் தனியே வையுங்கள். வேலை எல்லாம் இரண்டாவது பிரதியில்.

முதலில் செல்லாதவற்றை நீக்குங்கள். அப்புறம் ஒவ்வொரு சுற்றையும் தனித் தாளில் எண்ணுங்கள். ஒவ்வொரு சுற்றின் முடிவிலும் எல்லாப் படங்களின் வாக்கும், அடுத்த விருப்பம் இல்லாமல் தீர்ந்துபோன வாக்குகளும் சேர்ந்து மொத்தத்துக்குச் சமமாக வர வேண்டும். மேலே சொன்ன கணக்கில் 560 + 420 + 20 = 1000. கூட்டல் பொருந்தாவிட்டால் அடுத்த சுற்றுக்குப் போகாதீர்கள்.

நீக்கப்பட்ட படத்தின் வாக்கை மாற்றும்போது, அடுத்த விருப்பமும் ஏற்கெனவே நீக்கப்பட்டதாக இருந்தால் அதற்கும் அடுத்த விருப்பத்துக்குப் போக வேண்டும். கையால் எண்ணுபவர்கள் அதிகம் தவறவிடுவது இதையே. இன்னொருவர் முதலாமவரின் தாளைப் பார்க்காமல் திரும்ப எண்ணட்டும்.

11. முடிவை வெளியிடுதல்

வெற்றி பெற்ற படக்குழுவுக்கு முதலில் தெரிவித்துவிட்டு, குறித்த நாளில் எல்லாச் சுற்றுகளின் எண்களையும் வெளியிடுங்கள். எத்தனை வாக்கு நீக்கப்பட்டது, எந்தக் காரணத்துக்கு என்பதும் சேரட்டும். முதல் சுற்றில் முந்திய படம் கடைசியில் தோற்றிருந்தால் அதை மேலோட்டமாகக் கடக்காமல், எந்தச் சுற்றில் எங்கிருந்து வாக்குகள் வந்தன என்று இரண்டு பத்தியில் விளக்குங்கள். தோற்ற படத்தின் ரசிகர்கள் அந்தப் பகுதியைத்தான் வரிவரியாகப் படிப்பார்கள்.

மின்னஞ்சல்களை அழிக்கும் நாளையும் அறிவியுங்கள். புகார்களுக்கு முப்பது நாள் கொடுத்துவிட்டு அழிக்கலாம். வாக்களித்தவரின் முகவரிக்கு அவர் கேட்காமல் விளம்பரம் அனுப்பக் கூடாது. பெயரும் முகவரியும் நீக்கிய வாக்குக் கோப்பை மட்டும், தகுதிப் பட்டியலுக்கு எழுதிய ஒரு வரிக் காரணங்களோடும் வந்த புகார்களோடும் சேர்த்துப் பத்திரப்படுத்துங்கள். அடுத்த ஆண்டு மூன்றாம் படியை அந்தக் கோப்பிலிருந்து தொடங்கலாம்.